திருகோணமலை நாவலுக்குள் ஒரு தலைமறைவு இயக்கம்: யோசனை சொல்லுங்கள்

கொட்டியாரத்தான்:

எல்லோருக்கும் வணக்கம். எழுதிக்கொண்டிருக்கிற நாவல் ஒன்று நடுவழியில் நிற்கிறது. அதற்குத்தான் இந்த இழை.

களம் நம்முடைய திருகோணமலை. காலம், இன்னும் வராத ஒரு காலம். அந்த நாட்டில் பதினான்கு வயது தாண்டிய எல்லோரும் வருடத்துக்கு ஒருமுறை கிராம சேவகரிடம் ‘மனப்பதிவு’ என்ற படிவத்தை நிரப்பிக் கொடுக்க வேண்டும். எதை நம்புகிறாய், எதைச் சந்தேகிக்கிறாய், போன வருடத்திலிருந்து எந்த எண்ணம் மாறியது, யாரால் மாறியது. படிவம் சரியாக இருந்தால்தான் வேலை, கடவுச்சீட்டு, பல்கலைக்கழக அனுமதி. பொய் எழுதினாலும் தப்ப முடியாது, பக்கத்து வீட்டார் உங்களைப் பற்றி எழுதிய படிவமும் அதே கோப்பில் இருக்கும்.

இதை எதிர்த்து ஓர் இரகசிய இயக்கம் எழுகிறது. பெயர் ‘ஏழு கிணறு’. கன்னியா வெந்நீர்க் கிணறுகளை நினைத்து வைத்த பெயர். ஏழேழு பேராகக் குழுக்கள். துப்பாக்கி கிடையாது. தடைசெய்த புத்தகங்களைப் பிரதி எடுப்பார்கள், பிள்ளைகளுக்கு மறைவாக வகுப்பு நடத்துவார்கள், அவ்வளவுதான். சேருகிறவர்கள் இரவில் கோணேசர் கோயில் இருக்கிற சுவாமி மலை உச்சியில் நின்று சத்தியம் செய்வார்கள். சத்தியத்தின் கடைசி வரி ‘விலகமாட்டேன்’ என்பது. கதாநாயகி பத்தொன்பது வயதுப் பெண். மூதூரிலிருந்து லோஞ்ச் என்கிற மோட்டார் படகில் டவுனுக்கு வந்து தட்டெழுத்துப் படிக்கிறவள்.

பிரதி எப்படி எடுப்பார்கள், கடிதம் எப்படிக் கைமாறும், எங்கே கூடுவார்கள்? இடத்தை அறிந்தவர்கள் சொல்லுங்கள். குறை இருந்தாலும் தயங்காமல் சொல்லுங்கள்.

பாதைக்காரன் மகன்:

தம்பி, நல்ல கரு. முதலில் சுவாமி மலையை எடுத்துவிடுங்கள். கோணேசர் கோயிலுக்குப் போக பிரெட்ரிக் கோட்டை வாசலால்தான் நுழைய வேண்டும், கோட்டைக்குள் இருப்பது இராணுவம். இரவில் ஏழு பேர் அந்த வாசலால் போய்ச் சத்தியம் செய்துவிட்டு வருவதைத் திருகோணமலை ஆள் ஒருவரும் நம்பமாட்டார். பகலில் போகலாம். கும்பிட வருகிற கூட்டம், மான்களுக்குத் தீனி கொடுக்கிற பிள்ளைகள், படம் எடுக்கிற வெளியூர்க்காரர். யாரோடு யார் பேசுகிறார்கள் என்று ஒருவரும் பார்க்கமாட்டார்கள். கூடுவதென்றால் அந்த நெரிசலில் கூடட்டும்.

அடுத்தது கடிதம். எங்கள் வாப்பா கிண்ணியாப் பாதையில் வேலை செய்தவர். வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன், இங்கே ‘பாதை’ என்றால் பஸ்ஸையும் லொறியையும் ஏற்றித் துறையைக் கடக்கிற தட்டைப் படகு. 2009இல் கிண்ணியாப் பாலம் திறக்கும்வரை அதுதான் வழி. பாதை வரும்வரை எல்லா இனத்தவரும் ஒரே கரையில் நிற்பார்கள். மீன்காரர், வாத்தியார், நெல் வியாபாரி, மாவட்ட அரசாங்க அலுவலகமான கச்சேரிக்குப் போகிறவர். ஒரு கூடை கைமாறினால் யார் கணக்கெடுப்பது? உங்கள் கதையில் பாலம் இடிந்து பாதை திரும்ப வந்துவிட்டது என்று வையுங்கள், கடத்தல் வழி தானாகக் கிடைக்கும்.

காற்றை மறக்க வேண்டாம். வடகிழக்கிலிருந்து வீசுகிற வாடைக்காற்று தொடங்கினால் கொட்டியாரக் குடாவே புரளும், மூதூர் லோஞ்ச் நின்றுவிடும். அந்த மாதங்களில் உங்கள் பெண்ணுக்கு டவுனோடு தொடர்பே அறுந்துபோகும். தென்மேற்குக் காற்றான கச்சான் வீசுகிற காலத்தில் நேர்மாறு. மேற்குக் கரையில் கடல் கொந்தளிக்கிற அந்த மாதங்களில் நீர்கொழும்பு, சிலாபம் பக்கத்து மீனவர்கள் குடும்பத்தோடு நம் கரைக்கு வந்து வாடி (தற்காலிகக் குடில்) அடிப்பார்கள். அவர்களில் சிங்களமும் தமிழும் சரளமாகப் பேசுகிறவர்கள் நிறைய. வருடா வருடம் வந்து போகிறவர்கள் என்பதால் சந்தேகமும் வராது. நாட்டின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்குப் புத்தகம் போக இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

‘ஏழு கிணறு’ என்ற பெயரைப் பற்றியும் ஒரு சொல். கன்னியா இந்துக்களுடையதா பௌத்தர்களுடையதா என்ற வழக்கு இன்னும் ஆறவில்லை. 2019இல் அங்கே நடந்த போராட்டம் எல்லோருக்கும் நினைவிருக்கும். மூன்று இனத்தவரும் சேர்கிற இயக்கம் என்றால் அந்தப் பெயருக்கு வாசலிலேயே ஒரு சண்டை காத்திருக்கும்.

தட்டெழுத்து:

அரசாங்கக் கந்தோரில் ரோனியோ, அதாவது மெழுகுத் தாளை வைத்துப் பிரதி எடுக்கிற இயந்திரம், சுற்றியவன் நான். அந்தப் பகுதியை என்னிடம் விடுங்கள்.

மெழுகுத் தாளைத் தட்டச்சில் மாட்டுவதற்கு முன்னால் நாடாவை விலக்கிவிட வேண்டும். எழுத்து மையால் விழாது, அச்சு மெழுகை வெட்டும். கண்ணுக்குச் சரியாகத் தெரியாது, வெளிச்சத்தில் பிடித்துத்தான் பிழை பார்க்க வேண்டும். பிழை இருந்தால் மேலே திரவத்தைப் பூசி, காயவிட்டு, திரும்ப அடிக்க வேண்டும். சுழி மூடிய எழுத்துகளைக் கொஞ்சம் பலமாக அடித்தால் தாள் கிழிந்து எழுத்தின் வயிறு கழன்று விழுந்துவிடும். அப்புறம் உருளையில் ஏற்றிச் சுற்றுவது. ஒரு மெழுகுத் தாளில் சில நூறு பிரதி எடுக்கலாம், போகப் போக எழுத்து தடித்து மங்கும். மை வாசம் இரண்டு நாளைக்குச் சட்டையை விட்டுப் போகாது. உங்கள் பெண் பிடிபடுவதானால் அந்த வாசத்தால் பிடிபடட்டும்.

இன்னொன்று. ஒவ்வொரு தட்டச்சுக்கும் அதற்கே உரிய ஊனம் உண்டு. ஒன்றில் ‘ண’ சாய்ந்திருக்கும், ஒன்றில் புள்ளி சற்றுத் தள்ளி விழும். அதைக் கொண்டு இயந்திரத்தை அடையாளம் காணலாம். ருமேனியாவில் 1983இல் தட்டச்சு வைத்திருப்பவர்கள் எல்லோரும் அதைப் பொலிசில் பதிந்து, அடித்த மாதிரித் தாளும் கொடுக்க வேண்டும் என்று சட்டமே போட்டார்கள். உங்கள் மனப்பதிவு அரசு அதை விட்டுவைக்குமா? தட்டெழுத்துக் கல்லூரி ஒன்றில் படிக்கிற பெண் என்றீர்கள். அங்கே இருபது இயந்திரம் இருந்தால் இருபதும் பதியப்பட்டிருக்கும். அவள் எந்த இயந்திரத்தில் அடிக்கிறாள் என்பதே ஓர் அத்தியாயம்.

தாளுக்கும் தட்டுப்பாடு இருக்கும். போரின்போது அரசு விதித்த பொருளாதாரத் தடைக் காலத்தில் யாழ்ப்பாணத்தில் நாளிதழையே பள்ளிக்கூடக் கொப்பித் தாளில் அச்சடித்தார்கள். பற்றரி கிடைக்காமல் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, டைனமோவைச் சுற்றி றேடியோ கேட்டார்கள். ஒருவர் பெடல் மிதிக்க, நாலு பேர் செய்தி கேட்பார்கள். மிதிக்கிறவர் களைத்தால் செய்தியும் தேய்ந்துவிடும்.

நிலாவெளி வாசகி:

இவ்வளவு தாளும் மையும் எதற்கு? வராத காலம் என்கிறீர்கள், கையில் போன் இருக்குமே.

தட்டெழுத்து:

போன் யாருடையது என்று பதிவு இருக்கும் பிள்ளை. தாளுக்குச் சொந்தக்காரர் இல்லை. சோவியத் ஒன்றியத்தில் கார்பன் தாள் வைத்து ஒரே முறையில் நாலைந்து பிரதி அடித்து, வாங்கியவர் திரும்ப நாலைந்து அடித்து, அப்படியே பரப்பினார்கள். நடப்பு நிகழ்வுகளைப் பதிந்த ஒரு செய்தி ஏடு 1968இல் தொடங்கி, ஆசிரியர்கள் ஒருவர் பின் ஒருவராகச் சிறை போன பின்பும், பத்து வருடத்துக்கு மேல் வந்துகொண்டிருந்தது.

சட்டக்கொப்பி:

சட்டப் பக்கத்திலிருந்து ஒரு விஷயம், நாவலுக்கு உதவும் என்று நினைக்கிறேன்.

இலங்கை அரசியலமைப்பின் 10ஆம் உறுப்புரை சிந்தனைக்கும் மனச்சாட்சிக்கும் மதத்துக்கும் சுதந்திரம் தருகிறது. 14ஆம் உறுப்புரை பேச்சுக்கும் வெளியீட்டுக்கும். இரண்டுக்கும் பெரிய வேறுபாடு உண்டு. பேச்சுச் சுதந்திரத்துக்கு 15ஆம் உறுப்புரையின் கீழ் தேசியப் பாதுகாப்பு, இன நல்லிணக்கம் என்று பல காரணம் சொல்லி வரம்பு போடலாம். சிந்தனைச் சுதந்திரத்துக்கு அப்படி வரம்பு போட வழி இல்லை. அந்த உறுப்புரையை மாற்ற வேண்டுமானால் பாராளுமன்றத்தில் மூன்றில் இரண்டும் போதாது, மக்கள் தீர்ப்பும் வேண்டும். எங்கள் சட்டத்திலேயே மிக உயரமான வேலி போட்டுக் காத்த இடங்களில் அது ஒன்று.

ஆனால் நடைமுறையில் சிந்தனையைத் தொட வேலியைத் தாண்டத் தேவையில்லை. எழுதியதைப் பிடித்தால் போதும். மன்னாரைச் சேர்ந்த கவிஞர் அஹ்னாஃப் ஜஸீம் 2020 மே மாதம் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைதானார். காரணம் ஒரு தமிழ்க் கவிதைத் தொகுதி. வன்முறையைக் கண்டிக்கிற கவிதைகளையே தீவிரவாதம் என்று வாசித்தார்கள். பிணை கிடைக்க 2021 டிசம்பர் ஆனது, வழக்கிலிருந்து விடுதலையாக 2023 டிசம்பர். அந்த 1979ஆம் ஆண்டுச் சட்டத்தில் பொலிஸ் உதவி அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் கொடுக்கிற வாக்குமூலம் சாட்சியாக ஏற்கப்படும். சாதாரணக் குற்ற வழக்கில் பொலிசிடம் கொடுத்த வாக்குமூலத்துக்கு அந்த மதிப்பு இல்லை.

உங்கள் மனப்பதிவுப் படிவமும் ஒரு வாக்குமூலம்தான், கைது செய்யாமலே வாங்குகிற வாக்குமூலம். ஆகவே நாவலில் நான் பார்க்க விரும்புகிற ஆள், அந்தப் படிவங்களை வாசிக்கிற எழுதுவினைஞர் (கிளார்க்). நாளுக்கு நூறு பேருடைய மனத்தை வாசிக்கிறவர். அவருடைய சொந்தப் படிவத்தை யார் வாசிக்கிறார்கள்?

நிலாவெளி வாசகி:

அந்த எழுதுவினைஞரை வையுங்கள் அண்ணா, கட்டாயம் வையுங்கள். 2024 ஜனவரியில் இணையத்தில் எழுதுவதைக் கட்டுப்படுத்துகிற நிகழ்நிலைக் காப்புச் சட்டம் நிறைவேறிய பிறகு எங்கள் வயதுக்காரர் பலர் முகநூலில் எழுதிவிட்டு, பதிவிடாமல் அழிக்கிறோம். ஒருவரும் எங்களைத் தடுக்கவில்லை. நாங்களே தடுத்துக்கொள்கிறோம். உங்கள் படிவம் எனக்கு அதைத்தான் நினைவூட்டுகிறது.

உவர்மலை:

எல்லாவற்றையும் வாசித்தேன். மையும் தாளும் காற்றும் நல்ல விவரங்கள், நாவலுக்கு உயிர் தரும். எனக்குக் கதை தடுக்கி நிற்கிற இடம் வேறு. அந்தச் சத்தியத்தின் கடைசி வரி.

தம்பி, எண்ணம் மாறியதற்குக் கணக்குக் கேட்கிற அரசை எதிர்த்து எழுகிறார்கள் இவர்கள். அப்படியானால் தங்களுக்குள் ஒருவருக்கு எண்ணம் மாறினால் என்ன செய்வார்கள்? ‘விலகமாட்டேன்’ என்று சத்தியம் வாங்குகிற நொடியிலேயே அவர்களும் ஒரு மனப்பதிவுப் படிவத்தை நீட்டிவிட்டார்கள். அரசினது தாளில் இருக்கிறது, இவர்களது வாயில் இருக்கிறது. இதைக் கதை கேட்காமல் போனால் மற்ற விவரமெல்லாம் அலங்காரமாகவே நிற்கும்.

நான் கற்பித்த பிள்ளைகளில் இயக்கங்களுக்குப் போனவர்கள் இருந்தார்கள். போன காரணம் எனக்குப் புரிந்தது. போன பிறகு கேள்வி கேட்டவர்களுக்கு நடந்ததும் தெரியும். யாழ் பல்கலைக்கழகத்தில் உடற்கூற்றியல் கற்பித்த ராஜினி திராணகம ஒருகாலத்தில் புலிகளுக்கு உதவியவர். பிறகு அரசையும் இந்தியப் படையையும் இயக்கங்களையும் ஒரே அளவுகோலால் அளந்து எழுதினார். 1989 செப்டெம்பர் 21ஆம் திகதி சைக்கிளில் வீட்டுக்குப் போகும்போது சுடப்பட்டார். அவரோடு பணி செய்தவர்கள் புலிகளையே குற்றம் சாட்டினார்கள். கவிஞர் செல்வி, அதே பல்கலைக்கழக மாணவி. 1991இல் புலிகள் பிடித்துக்கொண்டு போனார்கள், திரும்பி வரவில்லை. இவர்கள் எதிரிப் படையில் சேர்ந்தவர்களா? வேறாக நினைத்தார்கள், அதை எழுதினார்கள்.

இதைச் சொல்லும்போது அரசு செய்ததை மறைக்கிறேன் என்று ஒருவரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். இந்த ஊரில் 2006 ஜனவரி 2ஆம் திகதி கடற்கரையில் ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டார்கள். குண்டு வெடித்துச் செத்தார்கள் என்று சொல்லப்பட்டது. ‘சுடர் ஒளி’ செய்தியாளர் சுகிர்தராஜன் எடுத்த படங்கள்தான் அவர்கள் சுடப்பட்டார்கள் என்பதைக் காட்டின. அதே மாதம் 24ஆம் திகதி அவரையும் டவுனில் வைத்துச் சுட்டுவிட்டார்கள். கண்ணால் கண்டதைக் கண்டபடி சொன்னதற்கு இந்த ஊர் கொடுத்த விலை அது. நினைக்கும் உரிமைக்காக ஓர் இயக்கம் என்று இங்கே நின்று எழுதினால், இரண்டு பக்கத்திலும் விழுந்தவர்கள் உங்கள் தோளுக்குப் பின்னால் நின்று வாசிப்பார்கள். கற்பனைக் கதைதானே என்று நீங்கள் விட்டுவிட முடியாது.

வேறு மாதிரி இயக்கங்களும் உலகத்தில் இருந்திருக்கின்றன. ரஷ்ய ஆட்சியின் கீழிருந்த வார்சாவில் பெண்களுக்குப் பல்கலைக்கழகக் கதவு மூடியிருந்தது. 1880களில் வீட்டுக்கு வீடு இடம் மாற்றி இரகசிய வகுப்புகள் நடத்தினார்கள். ‘பறக்கும் பல்கலைக்கழகம்’ என்று பெயர். மேரி கியூரி இளம்பெண்ணாக அங்கே படித்தவர். பிடிபட்டால் தண்டனை உண்டு என்பது எல்லோருக்கும் தெரியும். வருவது படிப்பதற்கு. படித்து முடித்தால் போகலாம், பிடிக்கவில்லை என்றாலும் போகலாம். எங்களூர் ரியூசன் கொட்டிலையும் வாசிகசாலையையும் நினைத்துப் பாருங்கள். உங்கள் இயக்கம் அங்கேதான் பிறக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

கொட்டியாரத்தான்:

அக்கா, நீங்கள் எழுதியதை இரண்டு மூன்று தடவை வாசித்தேன். ஆனாலும் சத்தியத்தை முழுவதாக விட மனம் வரவில்லை. காரணம் சொல்கிறேன்.

விலகுகிறவர் வெறும் கையோடு விலகுவதில்லை. பெயர்கள் அவர் தலைக்குள் இருக்கும், ரோனியோ இருக்கிற வீடு தெரிந்திருக்கும். ஜெர்மனியின் முனிச்சில் நாஜி ஆட்சியை எதிர்த்த வெள்ளை ரோஜா மாணவர்கள் அவ்வளவு கவனமாக இருந்தார்கள். முத்திரையும் தாளும்கூடக் கடைக்குக் கடை கொஞ்சம் கொஞ்சமாக வாங்கினார்கள். ஆறு துண்டுப்பிரசுரம் வெளியிட்டார்கள். 1943 பெப்ரவரி 18ஆம் திகதி பல்கலைக்கழகக் கட்டடத்தில் பிரசுரம் போடும்போது ஒரு காவலாளி கண்டுவிட்டார். 22ஆம் திகதி ஹான்ஸ் ஷோலும் சோஃபி ஷோலும் கிறிஸ்டோஃப் புரோப்ஸ்ட்டும் தலை வெட்டப்பட்டார்கள். ஹான்சின் சட்டைப் பையில் இருந்த கையெழுத்து வரைவு ஒன்றுதான் புரோப்ஸ்ட்டைக் காட்டிக்கொடுத்தது. ஒரு துண்டுத் தாள் ஓர் உயிரை எடுக்கும் என்றால், இயக்கம் தன்னைக் காக்க ஏதோ ஒரு கட்டு வேண்டாமா? விலகலாம் என்று கதவைத் திறந்து வைத்தால் உள்ளே இருக்கிற மற்றவர்களின் உயிருக்கு யார் பொறுப்பு?

பாதைக்காரன் மகன்:

கேள்வி நியாயமானது தம்பி. விடை நீங்கள் சொன்ன கதையிலேயே இருக்கிறது. அந்த வரைவு பையில் இருந்திருக்கக் கூடாது. ஆட்களைக் கட்டிவைக்கிறதைவிட, தெரிகிறதைக் குறைக்கலாமே. வாப்பா பாதையில் நின்ற காலத்தில் ஒரு வழக்கம் இருந்தது. அக்கரையில் வாங்கப் போகிற ஆள் யார் என்று கூடை கொடுக்கிறவரிடம் கேட்கமாட்டார், கூடைக்குள் என்ன என்றும் கேட்கமாட்டார். உங்கள் குழுவில் ஏழு பேர் எதற்கு? ஒருவர் பிடிபட்டால் ஆறு பேர் போவார்கள். மூன்று பேர் போதும். அதிலும் ஒருவருக்கு மற்ற இருவரின் வீடு தெரிய வேண்டாம்.

தட்டெழுத்து:

ரோனியோவும் ஒரே வீட்டில் இருக்கக் கூடாது. மெழுகுத் தாள் வெட்டுகிறவர் வேறு, சுற்றுகிறவர் வேறு. வெட்டிய தாளைச் சுருட்டினால் ஒரு குடைக்குள் போய்விடும். யாராவது விலகினால் ஒரு படியை மட்டும் இடம் மாற்றினால் சரி. இது கூடுதல் வேலை. ஆனால் ஆளைக் கொல்வதைவிடக் கூடுதல் வேலை நல்லது.

சட்டக்கொப்பி:

பெயரும் வேண்டாம் என்பேன். பெயர் இருந்தால் தடைசெய்யலாம், உறுப்பினர் என்று குற்றம் சுமத்தலாம். பெயரில்லாத ஒன்றில் உறுப்பினராக இருந்தார் என்று எந்த வழக்குரைஞர் நிரூபிப்பார்? கன்னியாச் சண்டையும் அதோடு தீரும்.

உவர்மலை:

நானாவும் ஐயாவும் சொன்னது சரியான வழி. தம்பியின் பயமும் உண்மையான பயம், அதை நாவலில் யாராவது ஒருவர் வாயால் வலுவாகச் சொல்ல வேண்டும். சத்தியம் வேண்டும் என்று கேட்கிறவரைக் கெட்டவராகக் காட்டிவிட வேண்டாம். அவர் தன் தோழர்களை நேசிக்கிறவராக இருக்கட்டும், பிடிபட்டவர்களின் தாய்மாரைப் போய்ப் பார்த்தவராக இருக்கட்டும். அவரோடு வாதாடி வெல்லக் கஷ்டமாக இருக்க வேண்டும். எங்கள் இயக்கங்களிலும் அப்படிப்பட்ட நல்லவர்கள்தான் முதலில் அந்த வரியைச் சேர்த்தார்கள் என்று நான் நம்புகிறேன்.

கொட்டியாரத்தான்:

சரி. இப்போது கதை இப்படிப் போகிறது. பெயரில்லாத ஆட்கள், மூன்று மூன்று பேராக. தொடக்கம் ஒரு ரியூசன் கொட்டில். சத்தியம் முதலில் இல்லை. வாடைக் காலத்தில் லோஞ்ச் நின்று மூதூரோடு தொடர்பு அறுகிற மாதங்களில் டவுனில் இரண்டு பேர் பிடிபடுகிறார்கள். அதற்குப் பிறகுதான் மூத்தவர் சத்தியத்தைக் கொண்டுவருகிறார். காற்று மாறி லோஞ்ச் ஓடத் தொடங்கி அவள் வரும்போது எல்லோரும் சத்தியம் செய்து முடித்துவிட்டார்கள். மிச்சம் அவள் ஒருத்தி. அவளுக்கு இயக்கத்தின் மேல் எந்தக் கோபமும் இல்லை, தொடர்ந்து வேலை செய்யவும் விருப்பம். அந்தக் கடைசி வரியை மட்டும் சொல்லமாட்டேன் என்கிறாள்.

நிலாவெளி வாசகி:

இது நன்றாக இருக்கிறது அண்ணா. ஆனால் அவள் நல்லவளாகவே இருப்பதால் எங்களுக்குச் சுலபமாகிவிடுகிறது. இப்படி வையுங்கள்: அவள் விலகுகிறாள். விலகிய பிறகு ஒருநாள் யோசித்து, மனப்பதிவு நாட்டுக்குத் தேவைதான் என்று உண்மையாகவே நம்பத் தொடங்குகிறாள். பயத்தாலோ காசுக்காகவோ அல்ல. போரை நினைத்து, இனி ஒரு போர் வராமலிருக்க இதுவும் தேவை என்று நம்புகிறாள். யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை. ஆனால் அதையே ஊரில் பேசுகிறாள். அப்போது மூத்தவர் என்ன செய்வார்?

உவர்மலை:

என் பதில்: அவளோடு வாதாடலாம், அதற்கு மேல் ஒன்றும் செய்யக் கூடாது. இயக்கத்தின் பிரசுரத்திலேயே அவளுடைய வாதத்தை முழுவதாகப் போட்டு, பக்கத்தில் மறுப்பை எழுதலாம். அதற்கும் ஒரு மெழுகுத் தாள்தான் செலவு.

தட்டெழுத்து:

இரண்டு பக்க விவாதம் என்றால் இரண்டு மெழுகுத் தாள் வேண்டும் அக்கா. தாராளமாகச் செலவழிக்கலாம்.

கொட்டியாரத்தான்:

அப்படியானால் அந்தப் பிரசுரத்தை நாவலுக்குள் அப்படியே வைக்கப்போகிறேன். ஒரு பக்கம் அவள், மறுபக்கம் மூத்தவர். அவள் பக்கத்தைத்தான் முதலில் எழுத வேண்டும், எழுதும்போது நானே அவளை நம்ப வேண்டும். முடிந்ததும் இங்கே போடுகிறேன். நிலாவெளித் தங்கை, அவள் வாதத்தில் ஓட்டை இருந்தால் நீங்கள்தான் அவள் சார்பில் நின்று அடைத்துத் தர வேண்டும்.